ஜோசப் ரோச்சின் மூன்று புத்தகங்களை நம்மூர்ப் படுகளத்தோடு சேர்த்துப் படிப்பது எப்படி?

கேள்வி சுருக்கமாக இதுதான்: வேலூரில் முனைவர் பட்ட ஆய்வைத் தொடங்கியிருக்கும் மாணவர், தலைப்பு வடாற்காட்டுப் பாரதக் கூத்தில் நினைவு. ஜோசப் ரோச்சின் மூன்று நூல்களைப் படித்துவிட்டு வரும்படி நெறியாளர் சொல்லியிருக்கிறார். மூன்றும் வேண்டுமா, எந்த வரிசையில் படிப்பது, லண்டனையும் நியூ ஆர்லியன்ஸையும் பற்றி எழுதியதை ஆற்காட்டுக்கு எப்படிக் கொண்டுவருவது, வருகிற அக்னி வசந்த விழாப் பருவத்தில் (திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதச் சொற்பொழிவும் கூத்தும் தீமிதியும் நடக்கும் காலம்) களத்துக்குப் போனால் என்னென்ன செய்ய வேண்டும்?

முதலில் வரிசை. ரோச் யேல் பல்கலைக்கழகத்தில் நாடகமும் ஆங்கிலமும் கற்பித்தவர். 1985-இல் 'தி பிளேயர்ஸ் பேஷன்', 1996-இல் 'சிட்டீஸ் ஆஃப் தி டெட்', 2007-இல் 'இட்'. வெளிவந்த வரிசையில் படிக்க வேண்டாம். நடுவில் உள்ளதை முதலில் எடுங்கள். உங்கள் தலைப்புக்கு முக்கால்வாசி அதிலேயே இருக்கிறது. முதல் நூல் நடிகரின் உடல் பற்றியது. களத்துக்குப் போய் வந்த பிறகு படித்தால்தான் ஒட்டும். மூன்றாவது பிரபலங்களின் கவர்ச்சி பற்றியது. கடைசி இயலில் சினிமாவையோ அரசியலையோ தொடப்போவதில்லை என்றால் அதைத் தள்ளிப்போடலாம்.

'சிட்டீஸ் ஆஃப் தி டெட்' நூலை அட்டை முதல் அட்டை வரை ஒரே மூச்சில் படிக்க நினைத்தால் ஐம்பதாம் பக்கத்தில் நின்றுவிடுவீர்கள். முன்னுரையை இரண்டு முறை படியுங்கள். அடுத்து நடிகர் பெட்டர்டன் இறுதிச் சடங்கு பற்றிய இயல். அதன்பின் இறகு சூடிய மக்கள் பற்றிய இயல். மற்றவற்றைத் தேவைப்படும்போது திறந்தால் போதும். தாமஸ் பெட்டர்டன் 1710 ஏப்ரலில் இறந்தார். வாழ்நாள் முழுக்க மேடையில் ராஜாவாக நின்றவரை, உண்மையான ராஜாக்கள் புதைக்கப்பட்ட வெஸ்ட்மின்ஸ்டர் அபேயின் சுற்றுக்கூடத்தில் அடக்கம் செய்தார்கள். அதே 1710 வசந்தத்தில் வட அமெரிக்காவிலிருந்து 'நான்கு இந்திய ராஜாக்கள்' லண்டனுக்கு வந்து 'மேக்பெத்' பார்த்தார்கள். கூட்டம் நாடகத்தைப் பார்க்க மறுத்து, ராஜாக்களைப் பார்க்க வேண்டும் என்று கூச்சல் போட்டது. அவர்களுக்கு மேடையிலேயே நாற்காலி போட்டு உட்கார வைத்த பிறகுதான் நாடகம் நடந்தது. செத்த ராஜாக்களுக்குப் பதில் ஒரு நடிகர், நடிகர்களுக்குப் பதில் உயிருள்ள ராஜாக்கள். இந்த மாதிரி மாற்றி மாற்றி உட்கார வைப்பதிலிருந்துதான் ரோச் தன் மையக் கருத்தை எடுக்கிறார்.

அந்தக் கருத்துக்கு அவர் வைத்த பெயர் 'சரோகேஷன்'. ஆய்வேடுகள் சறுக்குகிற முதல் படி இதுவே. 'பதிலீடு' என்று மொழிபெயர்த்துவிட்டு, யார் யாருக்குப் பதிலாக வந்தாலும் அந்த முத்திரையைக் குத்திக்கொண்டே போவார்கள். பதிலீடு என்றால் எக்ஸுக்குப் பதில் ஐந்து போடுவது, கணக்கு ஒத்துப்போகும். ரோச் சொல்வது ஒத்துப்போகாத கணக்கை. ஒரு கூட்டத்தின் உறவுப் பின்னலில் சாவாலோ வேறு பிரிவாலோ ஓர் இடம் காலியாகிறது. மிஞ்சியவர்கள் அங்கே ஒருவரைக் கொண்டுவந்து வைத்துப் பார்க்கிறார்கள். அவர் அச்சாகப் பொருந்துவதே இல்லை. ஒன்று குறைகிறது, அல்லது தேவைக்கு மேல் வழிகிறது. குறைந்தால் ஏமாற்றம், வழிந்தால் பயமும் பொறாமையும். இந்தப் பொருந்தாமையோடு மல்லுக்கட்டுவதைத்தான் நாம் வெளியிலிருந்து பார்த்துத் 'தொடர்ச்சி' என்கிறோம்.

கூத்து ஜமாக்களில், அதாவது கூத்துக் குழுக்களில், இதற்கு யாரும் கோட்பாடு கற்றுத்தர வேண்டியதில்லை. துரியோதனன் வேஷம் கட்டிய வாத்தியார் போய்விட்டால் 'அந்த எடத்துக்கு ஆள் போடணும்' என்பார்கள். ஆள் போட்ட பிறகு, விடியற்காலை டீக்கடையில் இரண்டே தீர்ப்புதான் வரும். 'என்ன இருந்தாலும் அப்பன் மாதிரி வராதுப்பா.' இல்லாவிட்டால், 'பையன் அப்பனையே தூக்கிச் சாப்ட்டான்.' முன்னது குறை, பின்னது மிகை. ஆய்வேட்டில் ஒரு தமிழ்ச் சொல் வேண்டுமென்றால் 'ஆள்போடுதல்' என்றே வைத்து, முதல் முறை வரும் இடத்தில் ஒரு பத்தி விளக்கம் கொடுங்கள். 'ஆள்மாறாட்டம்' வேண்டாம், அதில் மோசடி வாடை அடிக்கிறது.

இன்னொரு சொல் 'எஃபிஜி'. உருவப்பொம்மை என்றதும் நமக்குச் சாலை மறியலில் எரிக்கிற வைக்கோல் பொம்மைதான் நினைவுக்கு வரும். ரோச்சுக்கு அது வினைச்சொல்லும்கூட: இல்லாத ஒன்றுக்கு உடல் கொடுத்துக் கண்முன் நிறுத்துவது. துணி, மெழுகு, மண் ஆகியவற்றால் மட்டுமல்ல, சதையாலும் இதைச் செய்யலாம். நடிகர், பூசாரி, பிரபலம், பிணம்கூட இந்தப் பட்டியலில் வரும். இங்கிலாந்து அரசர்களின் சவ ஊர்வலத்தில் உடலோடு செய்துவைத்த உருவத்தையும் எடுத்துப்போன வழக்கத்திலிருந்து அவர் தொடங்குகிறார். ராஜாவுக்கு இரண்டு உடல்: ஒன்று சாகும், ஒன்று சாகாது.

இப்போது படுகளத்துக்கு வாருங்கள், விழாவின் முடிவில் துரியோதனன் சாவை நடத்திக்காட்டும் சடங்கு அது.

முந்தைய இரவு 'பதினெட்டாம் போர்' நாடகம் நடக்கும். விடிந்தும் நடிகர்கள் வேஷத்தைக் கலைக்க மாட்டார்கள். கோயிலுக்கு முன்னாலுள்ள திடலில் துரியோதனன் மண்ணால் மல்லாந்து கிடப்பான். பல ஊர்களில் இருபது முப்பது அடிக்குக் குறையாது, சில ஊர்களில் அதற்கும் பெரிது. முகத்துக்கும் மார்புக்கும் வண்ணம் பூசியிருக்கும். தொடைக்குள் குங்குமம் கரைத்த நீரோ அதுபோன்ற சிவப்போ வைத்திருப்பார்கள். புஜக்கட்டை, கிரீடம், சிவந்த முகத்தோடு வேஷக்காரத் துரியோதனன் இந்த மண்ணுடம்பைச் சுற்றி ஓடுகிறான், அதன்மேல் ஏறியும் நிற்கிறான். பீமன் கதையோடு துரத்துகிறான். அடி விழுவது மண் தொடையில். சாய்வது சதை உடம்பு. அந்தத் தொடைச் சிவப்பை எடுத்துத்தான் திரௌபதியின் விரித்த கூந்தலை முடிக்கிறார்கள். மாலையில் தீமிதி.

நிதானமாகப் பாருங்கள். காலியிடம் ஒன்று, போட்ட ஆள் இரண்டு. ஒரே நேரத்தில், ஒரே திடலில், இரண்டு துரியோதனன். கதைக்கு ஒருவன் போதும். மண்ணே போதுமென்றால் வேஷக்காரன் எதற்கு? வேஷக்காரன் போதுமென்றால் முந்தைய நாளே திடலில் மண் கொட்டி மிதித்துச் செய்வானேன்? மண்ணுக்கு ஓடத் தெரியாது, பேசத் தெரியாது. வேஷக்காரனோ செத்தாலும் எழுந்து வீட்டுக்குப் போக வேண்டியவன், அவன் தொடையைப் பிளக்க முடியாது. ஒன்றின் குறையை மற்றது அடைக்கப் போக, இரண்டுக்கும் நடுவில் ஒரு மிகை உண்டாகிறது. அந்த மிகையைக் கவனிப்பதுதான் ரோச்சைப் பயன்படுத்துவது. 'படுகளத்தில் மண்ணுருவம் துரியோதனனுக்குப் பதிலியாக அமைகிறது' என்று ஒரு வரி எழுதி அடிக்குறிப்பில் ரோச்சைப் போடுவது பயன்படுத்துவது ஆகாது.

இதை எழுதக் களத்தில் மூன்று விஷயங்களைக் குறித்தே ஆக வேண்டும். அடி விழுந்த நொடிக்கும் வேஷக்காரர் சாய்ந்த நொடிக்கும் எவ்வளவு இடைவெளி. சாய்ந்தவரை யார் தூக்கினார்கள், எந்தப் பக்கமாக வெளியே கொண்டுபோனார்கள், உடனே கிரீடத்தைக் கழற்றினார்களா. கடைசியாக, அந்த மண் என்ன ஆனது. சில ஊர்களில் ஒரு பிடி எடுத்து வீட்டில் நெல் கொட்டும் இடத்தில் வைப்பார்கள், சில ஊர்களில் அப்படியே மழைக்கு விட்டுவிடுவார்கள். இரண்டும் ஒரே நினைவு அல்ல.

வேலூர்க்காரர்கள் பக்கத்திலேயே வைத்துக்கொண்டு கவனிக்காமல் விடுகிற இன்னொரு உதாரணம் குடியாத்தம் கெங்கையம்மன் சிரசு. வைகாசி முதல் நாள் அம்மனின் சிரசு மட்டும் தெருத்தெருவாக ஊர்வலம் வந்து, கோயிலில் சண்டாளச்சி உடலில் பொருத்தப்படுகிறது. பரசுராமன் தாயை வெட்டி, பிறகு உயிர்ப்பிக்கும்போது தலை மாறிப்போன ரேணுகை கதைதான் பின்னணி. தலை ஒருத்தியுடையது, உடல் வேறொருத்தியுடையது. பொருந்தாமை இங்கே ஒளித்து வைத்த சங்கதி அல்ல, அதுதான் திருவிழாவே. ரோச் பேசுவது பெரும்பாலும் மறைக்கப்படுகிற பொருந்தாமை. குடியாத்தம் அதை ஆண்டுதோறும் பட்டப்பகலில் பொருத்திக் காட்டுகிறது. உங்கள் ஆய்வு ரோச்சைத் திருத்தக்கூடிய இடம் இதுதான் என்பது என் கணிப்பு.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. வேலூர்க் கோட்டை ஜலகண்டேஸ்வரர் கோயிலில் நெடுங்காலம் மூலவர் இல்லை. சத்துவாச்சாரியில் இருந்த லிங்கம் 1981 மார்ச்சில் உள்ளே கொண்டுவரப்பட்டது. காலியிடம், திரும்ப நிரப்புதல் என்றதும் இதையும் ஆள்போடுதல் கணக்கில் சேர்க்கக் கை துறுதுறுக்கும். சேர்க்காதீர்கள். அங்கே பேச்சு முழுக்க 'அதே லிங்கம் திரும்பியது' என்பது. போட்ட ஆள் கிடையாது, மீட்டது உண்டு. வெறுமையாக இருந்த காலத்தைப் பற்றித் தனியாக எழுதலாம், ஆனால் வேறு கருவி வேண்டும்.

ரோச்சில் நினைவைப் பற்றிப் பேசுகிற எல்லாரும் கோட்டை விடுகிற பகுதி மறதி. அவர் அட்லாண்டிக்கைச் சுற்றி எழுதியதற்குக் காரணம் அடிமை வணிகமும் பூர்வகுடி அழிப்பும். நியூ ஆர்லியன்ஸ் மார்டி கிரா விழாவில் கறுப்பின ஆண்கள் இறகு சூடிப் பூர்வகுடிகளாக வேடமிட்டு வருவது, தங்கள் மறக்கடிக்கப்பட்ட கதையை இன்னொரு மறக்கடிக்கப்பட்ட கூட்டத்தின் உருவில் நினைவுகூர்வது. ஆள் போடும்போதெல்லாம் யாரோ ஒருவர் கணக்கிலிருந்து கழிக்கப்படுகிறார் என்பதே அவர் வாதத்தின் முதுகெலும்பு. அதை விட்டுவிட்டுச் சரோகேஷனை மட்டும் பிய்த்து எடுத்துவந்தால் வெறும் 'மரபு வாழ்க' கட்டுரை ஆகிவிடும். ஆகவே களத்தில் கேளுங்கள்: மண்ணுருவத்தை மிதித்துச் செய்தவர்கள் யார், நோட்டீஸில் அவர்கள் பெயர் இருக்கிறதா? பறை அடித்தவர்கள் எங்கே நின்றார்கள்? சாமி ஊர்வலம் எந்தத் தெரு முனையில் திரும்பிவிடுகிறது? இந்தக் கேள்வியை விழாக்குழுவிடம் முதல் நாளே போட்டால் இரண்டாம் நாள் உங்களை யாரும் பக்கத்தில் விட மாட்டார்கள். முதலில் ஊர்வலத்தோடு நடந்து வழியை நீங்களே வரைந்துகொள்ளுங்கள். கேள்வி கடைசியில்.

களப்பணிக்கு வருவோம். பங்குனி தொடங்கி ஆடி வரை எங்காவது ஓர் ஊரில் பாரதம் நடந்துகொண்டுதான் இருக்கும். ஆற்காடு, ஆரணி, செய்யாறு, போளூர் சுற்றுவட்டாரத்தில் ஒரே வாரத்தில் நாலைந்து ஊர் மோதும். நாலையும் தொட ஆசைப்படாமல் ஓர் ஊரைப் பிடித்துக்கொண்டு கொடியேற்றம் முதல் தீமிதி வரை முழுதாக இருங்கள். மதியம் சொற்பொழிவு, இரவு நாடகம், இரண்டும் ஒரே விழா. மாணவர்கள் இரவு மட்டும் போய்விட்டு மதியத்தை விட்டுவிடுகிறார்கள். சொற்பொழிவாளர் வில்லிபாரதத்திலிருந்து சொன்னதைத்தான் கூத்தின் கோமாளியான கட்டியக்காரன் இரவில் கேலி செய்வான். மதியம் இல்லாதவருக்கு அந்தச் சிரிப்பு விளங்காது.

விழா நோட்டீஸைப் பத்திரப்படுத்துங்கள். எந்த நாள் என்ன நாடகம், சொற்பொழிவாளர் யார், ஜமா எது, உபயதாரர் யார் யார், எல்லாம் அந்த ஒரு காகிதத்தில் இருக்கும். பழைய ஆண்டுகளின் நோட்டீஸ் கோயில் பெட்டியிலோ அச்சகத்திலோ கிடைக்கும். பத்து ஆண்டு நோட்டீஸை அடுக்கினால் எந்த நாடகம் விடுபட்டது, எந்த உபயம் தந்தையிலிருந்து மகனுக்கு மாறியது என்று பேட்டி இல்லாமலே தெரியும்.

அனுமதி இரண்டு தனித்தனியாக வாங்க வேண்டும்: விழாக்குழுவிடம் ஒன்று, ஜமா வாத்தியாரிடம் ஒன்று. குழு சம்மதித்தால் நடிகர்களும் சம்மதித்ததாக நினைத்துக்கொண்டு ஒப்பனைக் கொட்டகைக்குள் கேமராவோடு நுழைவதுதான் வழக்கமான தப்பு. அரிதாரம் பூசும் நேரத்தில் பேசக்கூடத் தோதுப்படாது. பதிவின் ஒரு நகலை பென்டிரைவில் தருவதாகச் சொல்லுங்கள், சொன்னபடி தாருங்கள். ஆட்டம் நடக்கும்போது அன்பளிப்பு மட்டும் கொடுக்காதீர்கள். நூறு ரூபாய் நீட்டினால் திரௌபதி துகிலின் நடுவில் கட்டியக்காரன் பாட்டை நிறுத்தி உங்கள் பெயரையும் கல்லூரியையும் மைக்கில் வாழ்த்துவான். பதிவில் அது அப்படியே நிற்கும்.

ஒலிப்பதிவு: இரவு பத்து மணிவாக்கில் களரி கட்டினால் (ஆட்டத்துக்கு முன்னால் வாத்தியங்கள் முழங்கும் தொடக்கம்) காலை ஆறு வரை, எட்டு மணி நேரம். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், ஸ்டீரியோ என்றால் மணிக்கு ஏறக்குறைய 1 ஜிபி. ஓர் இரவுக்கு 8 முதல் 9 ஜிபி. 32 ஜிபி அட்டை மூன்று இரவு தாங்கும் என்றாலும் ஒவ்வொரு காலையும் நகலெடுத்துவிடுங்கள். முழு எச்டி வீடியோ நொடிக்கு 20 மெகாபிட் வேகத்தில் மணிக்கு 9 ஜிபி விழுங்கும், இரவுக்கு 72. முழு இரவையும் வீடியோ எடுப்பது வீண். ஒலியை முழுதாக எடுங்கள். வீடியோவைத் திரைப் பிரவேசங்களுக்கும் நீங்கள் தேர்ந்த காட்சிக்கும் மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

ரெக்கார்டரைக் குழாய் ஸ்பீக்கர் பக்கம் வைத்தால் முகவீணை என்ற ஊதுகருவி ஏறும் இடமெல்லாம் கிழிந்துபோகும். பின்பாட்டு பெஞ்சிலிருந்து மூன்று நான்கு மீட்டர் தள்ளி, ஜெனரேட்டருக்கு எதிர்ப்பக்கம், முழங்கால் உயரத்தில் ஒரு ஸ்டாண்டில் வையுங்கள். ஒலி அளவைச் சொற்பொழிவு நேரத்தில் சரிசெய்யாதீர்கள்; மத்தளமும் தாளமும் முழு வீச்சில் போகும் களரியின்போது உச்சம் மைனஸ் 12 டெசிபெலைத் தாண்டாதபடி குறைத்து வையுங்கள். ஒலி அளவைத் தானாக ஏற்றி இறக்கும் வசதியை அணைத்துவிட வேண்டும். இல்லாவிட்டால் வசனம் நிற்கும் ஒவ்வொரு இடைவெளியிலும் ஜெனரேட்டர் இரைச்சல் மேலே எழும்பும். வீடியோவில் ஷட்டரை 50-இல் ஒன்று அல்லது 100-இல் ஒன்றில் நிறுத்துங்கள். வேறு எண்ணில் வைத்தால் ட்யூப்லைட்டும் எல்இடியும் பட்டை பட்டையாக ஓடும். படுகளம் காலை வெயிலில் நடப்பது, இரவு அமைப்பை மாற்ற மறந்தால் மண்ணுருவம் வெள்ளைத் திட்டாகிவிடும். முடிந்தால் இரண்டு கருவி: ஒன்று மண் தொடையை விட்டு நகரக்கூடாது, மற்றது வேஷக்காரரை விட்டு நகரக்கூடாது. முன்னே சொன்ன நொடிக்கணக்கு இதில்தான் வரும்.

எட்டு மணி நேரத்தையும் எழுத்தில் பெயர்க்க உட்காராதீர்கள். இழுத்துப் பாடும் கூத்தில் ஒரு மணி நேரத்துக்கு ஆறேழு மணி நேரம் பிடிக்கும். இருபது நிமிடக் காட்சி ஒன்றைத் தேர்ந்து மூன்று பத்தியாகப் பிரித்த தாளில் எழுதுங்கள்: முதல் பத்தியில் பெரிய எழுத்துப் பதிப்பிலுள்ள (மலிவு விலை நாடகப் புத்தகம்) அச்சுப் பாடம், இரண்டாவதில் வாத்தியாரின் கைநோட்டு, மூன்றாவதில் அன்றிரவு பாடியது. விருத்தம் (இழுத்துப் பாடும் செய்யுள்), தரு (தாளத்தோடு பாடும் பாட்டு), வசனம் எது எங்கே என்று ஓரத்தில் குறியுங்கள். பொதுவாக விருத்தம் அதிகம் மாறாது, வசனம்தான் அலையும். உங்கள் ஜமாவில் அப்படியா என்று பாருங்கள். அச்சில் உள்ளதை மூலம் என்றும் மற்றதைத் திரிபு என்றும் பெயர் வைத்துவிடாதீர்கள். வாய்மொழியும் எழுத்தும் ஒன்றையொன்று ஊட்டி வளர்த்தபடியே இருக்கின்றன என்பது ரோச்சின் அடிப்படைகளில் ஒன்று. அச்சுப் புத்தகமே ஏதோ ஒரு ஜமாவின் நோட்டிலிருந்து வந்திருக்கலாம். கர்ண மோட்சத்தில் 1964 'கர்ணன்' படத்தின் மெட்டோ சிவாஜியின் கைவீச்சோ நுழைந்திருக்கிறதா என்றும் பாருங்கள். நுழைந்திருந்தால் 'கலப்படம்' என்று வருத்தப்படாமல் எந்தக் காட்சியில், யார் உடம்பில் என்று குறித்துக்கொள்ளுங்கள்.

அந்த உடம்பு விஷயத்துக்குத்தான் 'தி பிளேயர்ஸ் பேஷன்'. ஒவ்வொரு காலமும் நடிகருக்குள் என்ன நடக்கிறது என்பதைத் தன் கால மருத்துவத்தையும் அறிவியலையும் வைத்தே விளங்கிக்கொண்டது என்பது அந்த நூல். உடலின் நாலு திரவங்களை நம்பிய காலத்தில் நடிகர் ஆபத்தானவர், உணர்ச்சியால் தன் உடலையே மாற்றிக்கொள்கிறவர். உடலை எந்திரமாகப் பார்த்த பதினெட்டாம் நூற்றாண்டில் ஆங்கில நடிகர் காரிக் ஹாம்லெட்டாக ஆவியைக் கண்டதும் மயிர் குத்திட்டு நிற்கப் பொய்முடி வைத்துக்கொண்டார் என்ற செய்தி வருகிறது. நல்ல நடிகன் அழவைப்பான், தான் அழமாட்டான் என்ற பிரெஞ்சுச் சிந்தனையாளர் தீதரோவின் வாதம் நூலின் நடுத்தூண். இதிலிருந்து நமக்கு வேண்டியது முடிவல்ல, கேள்வி: நம்மூர் வேஷக்காரர்கள் தங்களுக்குள் நடப்பதை எந்தச் சொற்களால் சொல்கிறார்கள்? 'ஆவேசம்', 'அருள்', 'வேஷம் பிடிச்சுக்கிச்சு', 'தொழில்'. ஒரே நடிகர் துகில் இரவில் ஒன்றையும் படுகளத்தில் வேறொன்றையும் சொல்வார். அந்த வேறுபாட்டை வைத்து ஓர் இயல் எழுதலாம். அங்கே ரஷ்ய நடிப்பாசான் ஸ்தானிஸ்லாவ்ஸ்கியை இழுத்துவந்து உட்கார வைத்தால் காரியம் கெட்டது.

'இட்' சிறியது, வேகமாகப் போகும். இயல்களின் பெயரே அழகு: துணைப்பொருள், உடை, முடி, தோல், சதை, எலும்பு. வெளியிலிருந்து உள்ளே போகிற வரிசை. தெரியாத ஒருவரைத் தெரிந்தவராக உணரவைக்கும் பொது நெருக்கம்தான் அதன் பொருள். வேலூரிலிருந்து சென்னை போகும் சுற்றுலாப் பேருந்துக்காரர்கள் மெரினாவில் எம்.ஜி.ஆர். சமாதியில் காதை வைத்துக் கைக்கடிகாரம் ஓடுகிறதா என்று கேட்பார்களே, அந்தக் காட்சி முதல் இயலிலும் கடைசி இயலிலும் ஒருசேர உட்காரும். தொப்பியும் கண்ணாடியும் இருந்தால் யார் போட்டாலும் பாதி எம்.ஜி.ஆர். ஆகிவிடுவதும், கிரீடமும் புஜக்கட்டையும் ஏறியதும் கட்டியக்காரன் கேட்குமுன்பே ஆள் யாரென்று சனங்களுக்குத் தெரிந்துவிடுவதும் ஒப்பிடத் தக்கவை. அதற்கு மேல் இந்த ஆய்வில் இழுக்க வேண்டாம்.

ரோச்சோடு சேர்த்துப் படிக்க வேண்டியவை. மார்வின் கார்ல்சனின் 'தி ஹாண்டட் ஸ்டேஜ்' (2001), முன்பு பார்த்த நடிகர் இப்போது பார்க்கும் வேஷத்துக்குள் ஆவிபோல் தெரிவது பற்றி. மேலே சொன்ன டீக்கடைத் தீர்ப்புகளுக்கு நல்ல துணை. டயானா டெய்லரின் 'தி ஆர்க்கைவ் அண்ட் தி ரெப்பர்ட்வார்' (2003), ஆவணத்தில் நிற்கும் நினைவையும் உடம்பில் நிற்கும் நினைவையும் பிரித்துப் பேசுவது. நோட்டீஸ் இயலுக்கு உதவும். நம் பக்கத்துக்கு ஆல்ஃப் ஹில்டெபைடலின் திரௌபதி வழிபாட்டு நூலின் இரண்டு தொகுதிகள் (1988, 1991), ரிச்சர்ட் ஃப்ராஸ்காவின் தெருக்கூத்து நூல் (1990), ஹன்னே எம். டி புருயின் எழுதிய கட்டைக்கூத்து நூல் (1999). இதில் ஒரு கண்ணி இருக்கிறது. ஹில்டெபைடலின் அச்சாணி செஞ்சி, அதாவது தென்னாற்காடு. அங்குள்ள சடங்கு வரிசையை அப்படியே எடுத்து ஆற்காட்டில் 'விடுபட்டுவிட்டது' என்று எழுதினால் வடக்கத்திப் பாணியையே குறையுள்ள தெற்கத்தியாக்கிவிடுவீர்கள். டி புருயின் காஞ்சிபுரம் பக்கத்தை வைத்து எழுதியவர், உங்களுக்கு அவர்தான் நெருக்கம். தெருக்கூத்தா கட்டைக்கூத்தா என்ற பெயர்ச் சண்டையில் கட்சி சேராதீர்கள். புரிசை ஊர்க் கூத்துக்காரர்கள் தெருக்கூத்து என்பார்கள், காஞ்சிபுரத்துச் சங்கம் கட்டைக்கூத்து என்னும், ஊரில் பெரும்பாலும் 'நாடகம்'. உங்கள் ஜமா என்ன சொல்கிறதோ அதையே எழுதுங்கள்.

தலைப்பில் 'வடாற்காடு' இருப்பதால் எல்லையை முதல் இயலிலேயே சொல்லிவிடுங்கள். அந்தப் பெயரில் இன்று மாவட்டம் இல்லை. 1911-இல் சித்தூர்ப் பகுதி பிரிந்தது, 1989-இல் திருவண்ணாமலை பிரிந்தது, 2019-இல் வேலூரிலிருந்து ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் பிரிந்தன. புரிசை இன்று திருவண்ணாமலை மாவட்டம். 'வேலூர் மாவட்டம்' என்று மட்டும் போட்டால் செய்யாறு, ஆரணி ஜமாக்களை எடுக்க உங்களுக்கு உரிமை இல்லை என்று வாய்மொழித் தேர்வில் யாராவது நிச்சயம் மடக்குவார்கள்.

கடைசியாக இயல் பங்கீடு. கோட்பாட்டுக்கென்று தனியாக எண்பது பக்க இயல் வேண்டாம். ரோச்சை முன்னுரையில் பத்துப் பக்கத்துக்குள் முடித்துவிட்டு, படுகளத்தை முதல் இயலாக வையுங்கள். மண் தொடையில் விழும் அடியிலிருந்து ஆரம்பித்து, கருத்துச் சொல் தேவைப்படும் வரியில் அவரைக் கூப்பிடுங்கள். சிரசு இரண்டாவது. ஆள்போடுதலும் ஜமாவும் மூன்றாவது, மூன்று பத்தித் தாள் நான்காவது. தெருமுனையில் ஊர்வலம் திரும்பும் வரைபடத்தைப் பின்னிணைப்புக்குத் தள்ளாதீர்கள். அது படுகள இயலுக்குள்ளேயே, மண்ணுருவத்தின் புகைப்படத்துக்கு எதிர்ப்பக்கத்தில் வர வேண்டும்.